பால் கேனுக்குள் பல்லி

பல்லி கத்தினால் பலன் பார்க்கிற வீட்டில் பிறந்தும் பஞ்சாங்கத்தைத் தொடாதவள் நான். பேய், சகுனம் என்று யாராவது ஆரம்பித்தால் எழுந்து போய்விடுவேன். அதனால் நீங்கள் இதை நம்பாவிட்டால் எனக்குக் கோபம் வராது. ஆனால் நடந்தது நடந்ததுதான்.

நான் ராஜபாளையத்துக்காரி, வாக்கப்பட்டது ஸ்ரீவில்லிபுத்தூரில். வீட்டுக்குப் பின்னால் பால்கோவா அடுப்பு. முப்பது வருஷம் அதன் முன்னால் நின்று கிண்டிய என் வீட்டுக்காரருக்கு இப்போது ஒரு நோய். மறதி நோயில் அபூர்வமான வகையாம், முதலில் பார்வையைத்தான் பிடிக்குமாம். கண்ணில் குறை இல்லை, கண் பார்ப்பது மூளைக்குப் புரியவில்லை என்றார் மதுரை டாக்டர். முன்னால் இருக்கிற தட்டு தெரியாமல் சோற்றைத் தரையில் பிசைவார், வாசல் என்று நினைத்துச் சுவரில் முட்டுவார். "சோத்துல புழு நெளியுது", "தண்ணியில முடி கெடக்கு" என்பார். ஆரம்பத்தில் குனிந்து குனிந்து தேடினேன், ஒன்றும் இருக்காது. இல்லை என்று சொன்னால் கத்துவார். பிறகு, பார்க்காமலே "எடுத்துட்டேங்க" என்று சொல்லப் பழகிவிட்டேன்.

அன்று ஆடிப்பூரத் தேருக்கு முந்தின நாள், காலை பத்து மணி இருக்கும். பால் கேன் மூடி திறக்காமல் அடுப்படியில் இருக்கிறது. அவரோ உள்ளறையில் சுவரைப் பார்த்து உட்கார்ந்திருக்கிறார்.

"ஏட்டி, கேனுக்குள்ள பல்லி செத்துக் கெடக்கு. எடுத்துப் போடு."

"எடுத்துட்டேங்க."

மூடியைக்கூடத் தொடவில்லை நான். தேர்க் கூட்டத்துக்குச் சரக்கு வேண்டுமே என்கிற அவசரத்தில், என்றைக்கும் துணி கட்டி வடிகட்டுகிறவள் அன்று அப்படியே சட்டியில் கவிழ்த்தேன். ஒன்றரை மணி நேரம் கிண்டி, இறக்குகிற பதம் வந்ததும் ஒரு கரண்டி எடுத்து வாயில் போட்டேன். சவ்வு மாதிரி ஏதோ பல்லில் மாட்டியது. பாலாடை என்று நினைத்து விழுங்கிவிட்டேன். அடுத்த கிண்டலில் துடுப்போடு அது வந்தது. வெந்து, ஊதி, மேலெல்லாம் கோவா அப்பி, நாலு காலும் விரிந்து. சீ! வால் மட்டும் இல்லை.

கொல்லையில் குடல் வெளியே வருகிற அளவுக்கு வாந்தி எடுத்தேன். சட்டியில் இருந்த அத்தனையையும் குழி தோண்டிக் கொட்டினேன், தேர் வியாபாரம் அதோடு போயிற்று. விழுங்கியதை மட்டும் ஒருவரிடமும் சொல்லவில்லை. ஊர் வாயில் விழுந்தால் எங்கள் அடுப்பு பிறகு எரியவே எரியாது.

வாயைக் கொப்பளித்துவிட்டு உள்ளே போனால் அவர் எழுந்து நேராக வருகிறார். எதிலும் முட்டவில்லை, தடவவில்லை. விரலை நீட்டி என் தொண்டைக்குழியில் வைத்தார்.

"பல்லிய எடுத்திட்ட. வால எடுக்கலயே ஏட்டி."

இன்றுவரை அவருக்கு என் முகம் பிடிபடுவதில்லை, என் தோளைப் பார்த்துத்தான் பேசுவார். ஆனால் சில நாள் சாப்பாட்டு நேரத்தில் அந்த விரல் மட்டும் தடுமாறாமல் வந்து அதே இடத்தில் நிற்கும். "எடுத்திட்டியா?" என்று கேட்பார்.

நான் இப்போது பொய் சொல்வதில்லை. "இல்லங்க" என்கிறேன்.