நாங்கள் காணாத கிணறு

சுவிற்சர்லாந்தின் பாசல் நகரில் நான் இருக்கும் கட்டடத்தின் நிலவறையில் சலவைத்தூளும் ஈரச்சுவரும் கலந்து மணக்கும்போதெல்லாம், எம்மன்புரூக்கேயில் இடித்துவிட்ட எங்கள் பழைய குடியிருப்பின் சலவை அறை நினைவுக்கு வருகிறது. மேல்மாடியில் பெரியப்பா குடும்பம், கீழே நாங்கள். அம்மாவும் பெரியம்மாவும் ஒரே நாளில் துவைப்பார்கள். நானும் பெரியப்பாவின் மகள் சுகியும் சூடான மெஷினில் முதுகைச் சாய்த்து, அது அதிர அதிரக் கதைத்துக்கொண்டிருப்போம்.

யாழ்ப்பாணத்தில் எங்கள் இரு குடும்பங்களின் ஊர்வீடுகளுக்கும் பொதுவான பங்குக் கிணற்றுக்குப் போகும் பாதையைப் பெரியப்பா ஆள் வைத்து வேலியடைக்க, அப்பா வழக்குப் போட்டார். அதன்பிறகு அம்மா வேறு நாளில் துவைத்தார்.

"நான் சுகியோட கதைக்கக் கூடாதோ?"

"அவையள் எங்கட தண்ணியை மறிச்சவை," என்றார் அப்பா, குழாயில் தண்ணீர் பிடித்தபடி.

படியில் எதிர்ப்பட்டால் சுகி சுவரைப் பார்த்தபடி இறங்குவாள். நானும் அப்படித்தான். நாங்கள் பள்ளி முடிக்கும்வரை இழுத்த வழக்கில், பாதை இருவருக்கும் பொது என்று தீர்ப்பு வந்தது. தண்ணீர் அள்ள அங்கே எங்களவர் ஒருவரும் இருக்கவில்லை. பெரியப்பா வீட்டார் அதற்குள் பேர்ண் நகருக்குக் குடிபோய்விட்டார்கள்.

போன மாதம் பேர்ண் ட்ராமில் சுகியைக் கண்டேன். அந்நியருக்குச் சொல்வதுபோல ஜெர்மனில் மரியாதையாக வணக்கம் சொல்லி, பக்கத்து இருக்கையிலிருந்த பையை எடுத்தாள். நான் உட்காராமல் அடுத்த தரிப்பிடத்திலேயே இறங்கிவிட்டேன்.