பாடைக்குத் தோள் கொடுத்தவர்

எண்பத்து நான்காம் ஆண்டு, வெங்காயம் கிண்டுகிற காலம். சுன்னாகத்துக்குப் பக்கத்தில் எங்கள் வீடு. நானும் கணவரும் பிரிந்திருந்தோம். நாலு வயது மகள் என்னோடு. பிள்ளையைத் தன்னிடம் தரச் சொல்லி அவர் யாழ்ப்பாணக் கோட்டில் வழக்குப் போட்டிருந்தார்.

வழக்குக்குக் கொஞ்ச நாள் இருக்க அப்பா செத்துப்போனார். செத்த வீட்டுக்குக் கணவரும் கொக்குவிலில் இருந்து வந்தார். மருமகன் என்று பாடைக்குத் தோளும் கொடுத்தார்.

வழக்கன்று நான் சேலை மாற்றப் போக, அண்ணை மறித்தார்.

"அப்பாவின்ரை எட்டுச் செலவுச் சடங்கு இன்னும் கழியேல்லை. செத்த வீட்டுத் துடக்குத் தீட்டோடை கோட்டுப் படி ஏறப்போறியோ? ஊர் சிரிக்கும்."

"பிள்ளையின்ரை வழக்கு, அண்ணை."

"அவன்தானே அப்பாவைத் தூக்கினவன்? அவனே கோட்டிலை சொல்லுவான். வேறை தவணை தருவினம்."

எனக்கும் அது சரியாகப் பட்டது. சேலையை மடித்து வைத்தேன்.

கோட்டில் கணவர் அதைச் சொல்லவில்லை. எனக்கென்று பேச அப்புக்காத்தும் வைத்திருக்கவில்லை. என் பெயரைக் கூப்பிட்டுப் பார்த்துவிட்டு, பிள்ளை தகப்பனுக்கு என்று தீர்த்துவிட்டார்கள். அவர் கோட்டு ஆளோடு வந்து பிள்ளையைக் கூட்டிக்கொண்டு போனார். மகள் சைக்கிள் பாரில் இருந்து எனக்குக் கை காட்டினாள். உலாப் போகிறோம் என்று நினைத்தாள்.

பிறகுதான் ஓர் அப்புக்காத்தரைப் பிடித்தோம். கொழும்பில் மேன்முறையீட்டுக் கோட்டுக்குப் போக வேண்டும் என்றார். எண்பத்து மூன்றில் கலவரம் நடந்த ஊருக்குப் போகப் பயம். போனோம். ஒருமுறை ரயில் பாதியில் நின்றது. ஒருமுறை தவணை போட்டுத் திருப்பி அனுப்பினார்கள். கடைசியில் ஒருநாள் விசாரித்தார்கள். எல்லாம் இங்கிலீசு. வாங்குப் பலகையில் சும்மா இருந்தேன்.

வெளியே வந்து அப்புக்காத்தர் சொன்னார். "உங்கடை மனுசன் செத்த வீட்டுக்கு வந்தவரோ எண்டு நீதிபதி கேட்டார். அவையின்ரை அப்புக்காத்து பெருமையாச் சொன்னார், வந்தவர், பாடையும் தூக்கினவர் எண்டு. அப்ப மனுசி ஏன் வரேல்லை எண்டு அவருக்குத் தெரியும்தானே எண்டார் நீதிபதி."

பழைய தீர்ப்பு செல்லாது. இரண்டு பக்கமும் கேட்டுத் திரும்ப விசாரிக்க வேண்டும். அதுவரை பிள்ளை தாயோடு. அண்ணை அழுதார். எனக்கு அழுகையும் வரவில்லை, சிரிப்பும் வரவில்லை. திரும்பவும் முதலில் இருந்தா என்றுதான் இருந்தது.

யாழ்ப்பாணக் கோட்டு விறாந்தையில் பிள்ளையைத் தந்தார்கள். வளர்ந்திருந்தாள். என்னைக் கண்டு தகப்பனின் காலுக்குப் பின்னால் ஒளித்தாள்.

"உன்ரை அப்பாவைத் தூக்கினது எனக்கு வினையாப் போச்சு," என்றார் அவர்.

"வராமல் விட்டிருக்கலாமே."

"வராட்டி ஊர் என்ன சொல்லும்?"

"அதுக்குத்தான் நானும் கோட்டுக்கு வராமல் நிண்டனான்."

அவர் குனிந்து பிள்ளையின் செருப்பு வாரைப் பூட்டிவிட்டுச் சைக்கிளை எடுத்துக்கொண்டு போனார்.

திரும்ப விசாரித்தும் பிள்ளை எனக்குத்தான் என்றார்கள். ஞாயிறுகளில் அவர் வந்து பார்ப்பார். ஆனால் வீட்டு முன் ஒழுங்கையில் யாருடைய சைக்கிள் மணி கேட்டாலும் மகள் ஓடிப்போய்த் தன் சட்டைகளை எடுத்துக்கொண்டு வாசலில் வந்து நிற்பாள். அவளுக்கு யாரும் ஒன்றும் சொல்லவில்லை. கூட்டிக்கொண்டு போக வந்துவிட்டார்கள் என்று அவளே நினைத்துக்கொள்வாள்.

அன்று நான் கோட்டுக்குப் போயிருந்தால் ஊர் சிரித்திருக்கும், ஒரு கிழமையில் ஓய்ந்தும் இருக்கும். சட்டைகளை அணைத்துக்கொண்டு அவள் வாசலில் நின்ற நிற்பு எனக்கு இன்னும் ஓயவில்லை.