பதில் சொல்லாத நாடு

எளாவூர் சோதனைச்சாவடிக்கு முன்னால் எங்கள் பேருந்து பஞ்சராகி நிற்கிறது. ஓட்டுநரை மனதுக்குள் திட்டிக்கொண்டே டீக்கடை பெஞ்சில் உட்கார்ந்து புத்தகத்தைப் பிரிக்கிறேன். ஷிப்ட் முடிந்து வந்த ஒருவர், இரும்புத்தூள் படிந்த சட்டையோடு பக்கத்திலிருந்து எட்டிப் பார்க்கிறார்.

"கதை புக்கா சார்? எம் பொண்ணும் எழுதும். இல்லாத நாடு ஒண்ண அதுவே உண்டாக்கி வச்சிருந்துச்சு."

செல்போனில் ஒரு நோட்டுப் பக்கத்தின் படத்தைக் காட்டுகிறார். பச்சை மையில் குண்டு குண்டான எழுத்து. அந்த நாட்டில் 'காத்திருப்போர்' என்றொரு தத்துவக் கூட்டம். கேள்வி கேட்டவர், அதற்குப் பதில் கிடைக்கும்வரை சாவதில்லை என்பது அவர்கள் கொள்கை. அதனால் பிரியமானவர்களின் கடைசிக் கேள்விக்கு மட்டும் அங்கே யாரும் பதில் சொல்வதில்லை.

"இப்ப என்ன படிக்கிறாங்க?" என்று கேட்டுவிடுகிறேன்.

"போன வருசம் காய்ச்சல்ல போய்டுச்சு சார்."

அடுத்து, அவள் அனுப்பிய கடைசி மெசேஜைக் காட்டுகிறார். 'நைனா, எப்ப ஊட்டுக்கு வருவ?'

"கம்பெனி உள்ள போன் எடுத்துக்கினு போவ வுடமாட்டாங்க. கேட்லயே வாங்கி வச்சிப்பாங்க. வெளிய வந்து பாக்கசொல்ல எல்லாம் முடிஞ்சிபோச்சு. பதிலே போடல சார். அப்டியே வுட்டு வச்சிருக்கேன்."

ஹாரன் அடிக்கிறது. எழுகிறேன்.

"திரும்ப இந்தப் பக்கம் வருவீங்களா சார்?"

வருவேன் என்று வாய்வரை வந்துவிடுகிறது. அவர் கையை ஒருமுறை அழுத்திப் பிடித்துவிட்டு, எதுவும் சொல்லாமல் பேருந்தில் ஏறுகிறேன்.