தமிழிலும் கண்டன்சர்தான்

என்னைவிட வேலை தெரிந்த ஒருவரை நான் ஒரு தேர்வில் தோற்கடித்தேன். ஒரு பொருளுக்கு உலகத்தில் பாதிப் பேர் சொல்லும் பெயரையே அவரும் சொன்னார் என்பதுதான் காரணம். இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். என் வயதில் சுற்றி வளைத்துப் பேச ஆரம்பித்தால், சொல்ல வேண்டியதைச் சொல்லாமலே சாப்பிட எழுந்து போய்விடுகிற ஆபத்து உண்டு.

போன வாரம் எங்கள் வீட்டு மின்விசிறி உறுமிக்கொண்டே நின்றுவிட்டது. ஒட்டடைக் கம்பால் ஒரு தள்ளுத் தள்ளினால் மரியாதைக்கு நாலு சுற்றுச் சுற்றும். விருதுநகர் வெயிலில் விசிறியைக் கம்பால் தள்ளிக்கொண்டு எத்தனை நேரம் நிற்பது? மெக்கானிக்கை வரவழைத்தேன். அவர் அண்ணாந்து பார்த்தார். "கண்டன்சர் போயிருச்சு சார்" என்றார். மேலே இருந்த மூடியைக் கழற்றியதும் பிளாஸ்டிக்கும் எண்ணெயும் சேர்ந்து கருகிய ஒரு வாடை இறங்கியது. அந்த வாடை என்னை நேராக ஒரு தேர்வு மேசைக்குக் கொண்டுபோய் நிறுத்தியது.

இரண்டாயிரங்களின் நடுப்பகுதி. நான் அப்போது பாலிடெக்னிக்கில் மின்னியல் விரிவுரையாளர். பணி ஓய்வுக்குச் சில வருடங்களே இருந்தன. மின்கம்பி உதவியாளர் தகுதித் தேர்வுக்கு என்னை வெளித் தேர்வாளராகப் போட்டிருந்தார்கள். கடையில் வருடக்கணக்கில் வேலை பார்த்தவர்கள் வந்து, கேட்ட கேள்விக்குப் பதில் சொல்லி, கேட்ட வேலையைச் செய்து காட்டிச் சான்றிதழ் வாங்கும் தேர்வு அது.

எனக்கு அந்தச் சமயத்தில் ஒரு பித்துப் பிடித்திருந்தது. சிவகாசி அச்சகம் ஒன்று தொழிற்கல்விக் கையேடு போட்டபோது, பின்பக்கத்துக் கலைச்சொல் பட்டியலை என்னிடம் கேட்டிருந்தார்கள். கண்டன்சருக்கு நானாகவே 'மின்கொள்ளி' என்று ஒரு சொல்லை உண்டாக்கி, அதைப் பார்த்து நானே நெகிழ்ந்துபோயிருந்தேன். அச்சக முதலாளி புரூஃபைப் பார்த்துவிட்டு, "வெடி ஊருல கொள்ளின்னு போட்டா எவன் சார் ஆர்டர் தருவான்?" என்று கேட்டார். வழக்கத்தில் உள்ள 'மின்தேக்கி'யையே போட்டோம். சொந்தச் சொல் செத்துப்போன துக்கத்தில், அடுத்தவர் சொல்லுக்கு நான் போலீஸ்காரனாகிவிட்டேன்.

மைதீன் பாய்க்கு நாற்பது வயது இருக்கும். சிவகாசியில் மோட்டார் காயில் கட்டும் கடை வைத்திருந்தார். தேர்வுக்காக வெள்ளைச் சட்டை போட்டு வந்திருந்தாலும் விரல் ரேகைகளில் வார்னிஷ் கறுப்பாக ஓடியது. மேசையில் கிடந்த விசிறிக் கண்டன்சரை எடுக்க நான் கை நீட்டினேன்.

"சார், பொறுங்க" என்றார் அவர்.

ஸ்க்ரூடிரைவரை எடுத்து அதன் இரண்டு முனைகளையும் சேர்த்துத் தொட்டார். டப்பென்று ஒரு நீலப் பொறி. ஆய்வக உதவியாளர் சற்றுமுன் அதை மின்சாரத்தில் வைத்துச் சோதித்துவிட்டு அப்படியே போட்டிருக்கிறார். நான் தொட்டிருந்தால் நாற்காலியோடு பின்னால் போயிருப்பேன். மைதீன் அதை இரண்டு கையாலும் எடுத்து என்னிடம் கொடுத்தார். "இப்பம் பிடிங்க."

பத்துப் பேர் முன்னால் என்னைப் பொறுக்கச் சொல்லிவிட்டாரே என்பதுதான் எனக்குப் பட்டது.

"இது என்ன?"

"கண்டன்சர் சார்."

"அது பழைய பேர். சரியான பேர் என்ன?"

"கண்டன்சர்தான் சார்."

"தமிழில் சொல்லுங்கள்."

யோசித்தார். குறும்புக்காக அல்ல, உண்மையாகவே கண்ணை இடுக்கி யோசித்தார்.

"தமிழ்லயும் கண்டன்சர்தான் சார்."

வரிசையில் நின்றவர்கள் சிரித்தார்கள். 'அடிப்படைப் பெயர்கள் தெரியவில்லை' என்று எழுதிக் கையெழுத்துப் போட்டேன். அவர் போகாமல் நின்றார்.

"சார், புதுப்பட்டியில ஒரு வெடி ஆபீஸ்ல வேலைக்கு எடுக்கேன்னு சொல்லியிருக்காக. இந்தச் சர்ட்டிபிகேட்டு மட்டுந்தான் கேக்காக. எங் கடை இருக்க கட்டடத்த வேற இடிக்கப் போறோம்னு சொல்லிட்டே இருக்காக."

எங்கள் பக்கத்தில் பட்டாசு ஆலையை ஆபீஸ் என்றுதான் சொல்வார்கள். அங்கே வேலை கிடைத்தால் ஆலை வேனே வந்து ஏற்றிப்போகும். கடை இடிந்தாலும் கவலையில்லை. அவருக்கு அதுதான் எல்லாம் என்று முகத்தில் எழுதியிருந்தது. நான் படித்தவன், முகத்தைப் படிக்காமல், "அடுத்த வருடம் வாருங்கள்" என்றேன்.

அவருக்கு அடுத்து வந்தவர் செல்வக்குமார். இஸ்திரி கலையாத சட்டை. அதே கண்டன்சரைக் காட்டினேன். "மின்தேக்கி, ஐயா. இலங்கையில் கொள்ளளவி என்றும் வழங்குவர்" என்றார். எனக்குக் கண் கலங்காத குறை. முழு மதிப்பெண். அவரை எதையும் கையில் எடுக்கச் சொல்லவேண்டும் என்றுகூட எனக்குத் தோன்றவில்லை.

இதில் கேவலம் என்னவென்றால், எனக்கு எல்லாம் தெரியும். கண்ணாடிச் சீசாவில் மின்சாரத்தைப் பிடித்து வைத்த காலத்துக்குப் பிறகு, பேட்டரியைக் கண்டுபிடித்த அந்த இத்தாலிக்காரர்தான் இப்படிப் பெயர் வைத்தார். ஒரு தகட்டுக்கு எதிரே இன்னொரு தகட்டை வைத்தால் மின்சாரம் அங்கே அடர்ந்து திரளுகிறது என்பது அவர் எண்ணம். இத்தாலியர் இன்றைக்கும் அப்படியே சொல்கிறார்கள். ஜெர்மானியரும் ரஷ்யரும் கொண்டன்சாட்டர் என்கிறார்கள். பிரெஞ்சுக்காரர்கள் முதல் எழுத்துகளை மூக்கில் விட்டுக்கொண்டு அதையே சொல்கிறார்கள். ஜப்பானியர் கொண்டென்சா என்கிறார்கள். நீராவியைக் குளிர்விக்கும் எந்திரத்துக்கும் அதே பெயர் இருக்கிறதே என்று பாதியில் கெப்பாசிட்டர் என்று பெயரை மாற்றிக்கொண்டவர்கள் இங்கிலீஷ்காரர்கள்தான். அது மட்டுமா? நான் மாணவனாக இருந்தபோது தேர்வில் 'கண்டன்சர்' என்று எழுதித்தான் தேறினேன். அதே சொல்லுக்காக இன்னொருவரைப் பெயிலாக்கினேன்.

சில மாதங்கள் கழித்து, பாதுகாப்பு பற்றிப் பேச வேண்டும் என்று எம். புதுப்பட்டி ஆலை ஒன்றிலிருந்து அழைப்பு வந்தது. அங்கே எலக்ட்ரீசியனாகச் செல்வக்குமார் நின்றார். பட்டாசு ஆலையில் எலக்ட்ரீசியன் வேலை விநோதமானது. மருந்து கலக்கும் அறைகளில் மின்சாரமே கிடையாது. பகல் வெளிச்சத்தில், அறைக்கு நாலு பேர் என்று உட்கார்ந்து வேலை செய்வார்கள். ஆக, மின்சாரம் இல்லாமல் பார்த்துக்கொள்வதுதான் மின்பணியாளரின் தலையாய கடமை.

அங்கே மனித உடம்புதான் கண்டன்சர். நைலான் சேலை உரச உரச உடம்பில் மின்சாரம் தேங்கும். மருந்தைத் தொடும் விரலில் அது பொறியாகக் குதித்தால் நாலு பேரும் போய்விடுவார்கள். அதற்காக ஒவ்வொரு அறை வாசலிலும் பூமிக்குள் கம்பி இறக்கிய ஒரு செம்புத் தகடு பதித்திருக்கும். அதைத் தொட்டுவிட்டுத்தான் உள்ளே போக வேண்டும்.

நான் பார்த்த தகடு தங்கமாக ஜொலித்தது. அதன்மேல் சந்தனம், குங்குமம், மறுபடியும் சந்தனம் என்று அடுக்கடுக்காக அப்பியிருந்தது. ஓர் அம்மா வந்து அதை நுனிவிரலால் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டார்.

"தொட்டுக் கும்புட்டுட்டுத்தான் சார் உள்ள போவோம். அதுதான எங்களக் காப்பாத்துது" என்றார் என்னிடம்.

"தகடு ஏன் தங்க நிறமாக இருக்கிறது?" என்று செல்வக்குமாரைக் கேட்டேன்.

"ஆயுத பூசைக்கு நான்தான் சார் கோல்டு பெயிண்ட் அடிச்சேன். இன்ஸ்பெக்சன் வந்தாலும் பளிச்சுன்னு இருக்கும்ல."

பெயிண்ட் பூசிய தகட்டைத் தொடுவதும் சுவரைத் தொடுவதும் ஒன்றுதான். "இந்தத் தகடு எதற்கு என்று தெரியுமா?" என்றேன்.

அவர் கைகளைக் கட்டிக்கொண்டார். "உடலில் தேங்கும் நிலைமின்னூட்டத்தைப் புவிக்குக் கடத்துவதற்கு, ஐயா."

முழு மதிப்பெண் பதில். என்னிடம் தேறியவர் அல்லவா.

மேலாளர் அறைக்கு ஓடினேன். அவர் நல்ல மனிதர். உடனே வேலையை நிறுத்தி எல்லாரையும் வெளியே வரச் சொன்னார். அறைகளைக் காலி செய்து, தகடுகளைக் கழற்றி எடுத்துப்போய்ப் பெயிண்டை உரிக்கவைத்தார். எல்லாம் முடிந்து மோர் குடிக்கும்போது மெதுவாகச் சொன்னார்:

"முந்தி மைதீன் பாய்தான் சார் மாசத்துக்கு ஒருக்கா வந்து, புளியப் போட்டுத் தேச்சு, மீட்டர வச்சுப் பாத்துட்டுப் போவாரு. இப்பம் சர்ட்டிபிகேட்டு இல்லாத ஆளு கை வைக்கக் கூடாதுன்னுட்டாக. அவரையே வேலைக்கு எடுத்துக்கிடலாம்னுதான் பரிட்சைக்கு அனுப்புனோம். தேறல. தேறுனவர எடுத்தோம். நீங்கதான் பாஸ் போட்டீகளாமே சார்?"

மோர் டம்ளரைக் கீழே வைத்தேன்.

மறுநாள் சிவகாசிக்குப் பேருந்து ஏறினேன். மைதீன் பாய் ஒரு மோட்டாரை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார்.

"வாங்க சார். பேன் ஓடலியா?"

ஓடுகிறது என்றேன். நான் செய்தது அநியாயம், எனக்கு விஷயம் தெரிந்தே செய்தேன் என்று சொன்னேன். இத்தாலி, ஜெர்மனி, ரஷ்யா, ஜப்பான் எல்லாவற்றையும் ஒப்பித்தேன். அவர் வேலையை நிறுத்திவிட்டுக் கேட்டார்.

"அம்புட்டுப் பேருமா கண்டன்சர்ங்காக?"

"ஆமாம் பாய்."

"அவுகளையும் பெயில் போட்டுட்டீகளா?"

அதற்கு மேல் அவர் என்னைத் திட்டவில்லை. திட்டியிருந்தால் நன்றாக இருந்திருக்கும்.

தேர்வு அலுவலகத்துக்கு எழுதினேன். மறுமதிப்பீடு கேட்டுத் தேர்வு எழுதியவர்தான் மனுச் செய்யலாம், தேர்வாளர் தன்மேலேயே புகார் கொடுக்கப் படிவம் இல்லை என்று பதில் வந்தது. மனுச் செய்யும் கெடுவும் முடிந்திருந்தது. சரி, அடுத்த வருடத் தேர்வுக்கு நானே அவரைத் தயார் செய்வதென்று ஞாயிற்றுக்கிழமைதோறும் அவர் கடைக்குப் போனேன். மின்தேக்கி, மின்தடையம், மின்தூண்டி. அவர் காயில் சுற்றிக்கொண்டே எண்ணிக்கைக்குப் பதில் அதைச் சொல்லிச் சொல்லிப் பழகினார். ஒரு மோட்டாரில் சுற்று தப்பிப்போய் மறுபடி கட்டினார்.

இடையில் அவரும் எனக்குப் பரீட்சை வைத்தார். தகர டப்பாவிலிருந்து எதையாவது எடுத்து நீட்டுவார். "இது என்ன சார்?" எனக்குத் தெரியாது. "இது?" அதுவும் தெரியாது. அவர் முகத்தை என்னைப் போலவே உம்மென்று வைத்துக்கொள்வார். "அடுத்த வருசம் வாங்க."

அந்த வருடம் வெளியூரிலிருந்து வேறொரு தேர்வாளர் வந்தார். அரும்பாடுபட்டுப் பட்டறையிலிருந்து மேலே வந்தவர் என்று கேள்விப்பட்டேன். ஒரு கண்டன்சரைத் தூக்கிக் காட்டியிருக்கிறார். மைதீன் பாய் எழுந்து நின்று, கைகளைக் கட்டி, "மின்தேக்கி, ஐயா" என்றிருக்கிறார்.

"கடையிலயும் இப்பிடித்தான் சொல்லுவியா?"

"ஆமாங்கய்யா" என்று பாவம் பொய் சொல்லியிருக்கிறார். கடையில் உட்கார்ந்த ஆள் இப்படிப் பேச மாட்டான், புத்தகத்தை உருப்போட்டு வந்திருக்கிறான் என்று அந்தத் தேர்வாளர் பெயில் போட்டுவிட்டார்.

இதைச் சொல்லும்போது மைதீன் பாய்க்குக் கண்ணில் நீர் வரச் சிரிப்பு. எனக்குச் சிரிக்க வரவில்லை. அவரோடு புதுப்பட்டிக்குப் போய் மேலாளர் முன்னால் உட்கார்ந்தேன். தகட்டைத் துடைக்க எந்தச் சட்டம் சான்றிதழ் கேட்கிறது என்று விடாமல் கேட்டேன். மேலாளர் தலையைச் சொறிந்தார். "எலக்ட்ரீசியன்னு போட முடியாது சார். பாத்திரம் தேய்க்கிற ஆளுன்னு வேணா போட்டுக்கிடுறேன்."

அப்படித்தான் விருதுநகர் மாவட்டத்தில் என்னைவிட மின்சாரம் தெரிந்த மனிதர், பாத்திரம் தேய்ப்பவராக வேனில் ஏறினார். தினமும் காலையில் புளியோடு ஒவ்வொரு வாசலாகப் போவார். குங்குமம் வைக்கக் கூடாது என்று சொன்னால் அந்தப் பெண்கள் கேட்க மாட்டார்கள் என்று அவருக்குத் தெரியும். ஒவ்வொரு தகட்டுக்கும் ஒரு சாண் மேலே சுவரில் மஞ்சளால் ஒரு கட்டம் போட்டார். "பொட்டு மேல, கை கீள" என்றார். பாய் சொன்னால் சரி என்று கேட்டுக்கொண்டார்கள். நான் ஊரில் இருந்தவரை அந்த வாசல்களில் தகடு செம்பாகவே இருந்தது. செல்வக்குமாரும் அவர் பின்னாலேயே போய் மீட்டர் பிடிக்கக் கற்றுக்கொண்டார்.

பணி ஓய்வுக்குப் பின் சில வருடங்கள் மகள் வீட்டுக்குச் சென்னைக்குப் போய்விட்டேன். புறப்படுமுன் அவரைப் பார்க்கப் போனபோது, ஞாயிறு மட்டும் திறந்திருந்த கடையில், அந்தத் தகர டப்பாவைக் கிளறி ஒரு சின்னப் பித்தளைச் சாமானை என் கையில் வைத்தார். நடுவில் ஓட்டை, ஓரத்தில் மூன்று பல்.

"இது என்ன சார்?"

தெரியவில்லை என்றேன்.

"கொண்டு போங்க. கண்டுபிடிச்சுட்டு அடுத்த வருசம் வாங்க."

நான் திரும்பி வந்தபோது கட்டடத்தை உண்மையிலேயே இடித்திருந்தார்கள். அந்த இடத்தில் செல்போன் உறை விற்கிறார்கள். புதுப்பட்டி ஆலை கைமாறிவிட்டது. புதிய மேலாளருக்கு அவரைத் தெரியவில்லை. பாய் தன் மகள் ஊருக்குப் போய்விட்டார் என்றார்கள் சிலர். எந்த ஊர் என்று யாருக்கும் தெரியவில்லை.

போன வாரம் மெக்கானிக் புதுக் கண்டன்சரை மாட்டி, விசிறி சுற்றத் தொடங்கியதும், மேசை இழுப்பறையிலிருந்து அந்தப் பித்தளைச் சாமானை எடுத்து அவரிடம் காட்டினேன். திருப்பித் திருப்பிப் பார்த்தார். ஓட்டை வழியாக வெளிச்சத்தைப் பார்த்தார்.

"இது என்னன்னு தெரியலையே சார். இந்த மாதிரி இப்பம் வர்றதில்ல" என்று என் உள்ளங்கையிலேயே திரும்ப வைத்தார்.