பிடுங்க மட்டும் செல்லும் அட்டை

ஓர்வல் டீட்டர் என் அக்கா புருஷன். எங்கள் மலை மாவட்டத்தில் சனிக்கிழமைதோறும் கூடும் மாட்டுச் சந்தையில் ஏலம் கூறுவது அவர்தான். உயர்ந்த மேடையில் மைக்கைப் பிடித்துக்கொண்டு அவர் உட்கார்ந்திருப்பார். கீழே வளையத்துக்குள் நான் மாட்டைத் திருப்பிக் காட்டிக்கொண்டு, கூட்டத்தில் எவன் விரலைத் தூக்குகிறான் என்று பார்த்துக் கத்துவேன். நாங்கள் இருவரும் அப்படியே இளமையைக் கழித்துவிட்டோம்.

ஏலம் கூறுவதென்றால் சும்மா வேகமாகப் பேசுவதில்லை. எண்களுக்கு நடுவே பாட்டுபோல ஒரு இழை ஓடவேண்டும், மூச்சு எங்கே விடுகிறான் என்று தெரியக்கூடாது. ஓர்வல் மச்சானுக்கு அது பிறவியிலேயே வந்தது. பக்கத்து மாவட்டங்களிலிருந்து வாங்க ஒன்றும் இல்லாதவர்கள்கூட வந்து, வெங்காயம் போட்ட ஹாட்டாக் தின்றபடி பெஞ்சில் உட்கார்ந்து கேட்டுவிட்டுப் போவார்கள். ஒரு தடவை கிழவர் ஒருவர் அந்தக் குரலில் சொக்கிப்போய், தான் விற்கக் கொண்டுவந்த கன்றுக்குத் தானே விலை கேட்டுவிட்டார். மச்சான் மைக்கிலேயே, "பெருசு, அது உங்க கன்னுதான். வீட்டுக்குக் கூட்டிட்டுப் போறதுன்னா சும்மாவே கூட்டிட்டுப் போங்க" என்றார். சந்தையே குலுங்கிச் சிரித்தது.

வார நாட்களில் அவருக்கு மர அறுவை ஆலையில் வேலை. ஆலையை மூடினார்கள். வேலையோடு மருத்துவக் காப்பீடும் போயிற்று. அக்கா ட்ரீமா எங்கெங்கோ அலைந்து, ஏழைகளுக்கு மாநில அரசு தரும் மெடிக்கெய்டு அட்டையை இரண்டு பேருக்கும் வாங்கினாள். எங்கள் பக்கத்தில் பாதிப் பேர் கையில் இருப்பது அந்த அட்டைதான். அதில் வெட்கப்பட ஒன்றுமில்லை. மச்சானுக்கு மட்டும் வெட்கம். பர்ஸில் ஓட்டுநர் உரிமத்துக்குப் பின்னால் மறைத்து வைத்திருப்பார்.

அதற்கு அடுத்த வருஷம் கீழ்த்தாடையில் ஒரு கடைவாய்ப் பல் குத்த ஆரம்பித்தது. கிராம்புத் தைலம் வைத்தார், விஸ்கி வைத்துக் கொப்பளித்தார். கன்னம் வீங்கியபோது அக்கா விடவில்லை. அந்த அட்டையை வாங்கிக்கொள்ளும் பல் டாக்டர் மூன்று மாவட்டத்துக்கும் ஒருவர்தான், மலைக்கு அந்தப் பக்கம். கெஸ்லர் என்ற அம்மாள். அக்காவும் கூட வந்தாள். நான்தான் வண்டி ஓட்டினேன்.

டாக்டரம்மா படம் எடுத்துப் பார்த்தார். கெட்டது அந்த ஒரு பல் மட்டுமில்லை. மேலே முன்பல் இரண்டுக்கும் வேரில் சீழ் கட்டியிருந்தது.

"காப்பாத்த முடியுமா டாக்டரம்மா?" என்று மச்சான் கேட்டார்.

"முடியும். வேர் வரைக்கும் சுத்தம் பண்ணி அடைச்சு, மேல ஒரு மூடி போட்டா இன்னும் ரொம்ப வருஷம் தாங்கும்."

"அப்ப பண்ணுங்க."

"உங்க கார்டுல அது வராது ஓர்வல். பெரியவங்களுக்குப் பிடுங்குறது மட்டும்தான் வரும். அதுவும் வலியோ வீக்கமோ இருந்தாத்தான்."

மச்சான் நாற்காலியில் நிமிர்ந்து உட்கார்ந்தார். "என் டிரக்கு டயர்ல ஆணி ஏறினா, சக்கரத்தையே கழட்டிக் கடாசிட்டு மூணு சக்கரத்துல போன்னு சொல்ற மாதிரி இருக்கே."

"நான் சொல்லலையே. சட்டம் போட்டவங்க சொல்றாங்க. என்கிட்டக் கேட்டீங்கன்னா, இந்தச் சீழோட சுத்துறதுக்குப் பிடுங்கிக்கிறதே மேல்."

"அப்புறம் பல்செட்டு?"

டாக்டரம்மா தலையை ஆட்டினார். அதுவும் வராது.

"கடைவாய்ப் பல்லை எடுத்துக்கங்க. முன்னாடி இருக்கிறதைத் தொடாதீங்க. அது போச்சுன்னா நான் வாயைத் திறக்க முடியாது. வாயைத் திறக்காம ஏலம் போடுறவன் எவனாவது இருக்கானா?"

ஒரு பல்லைக் கொடுத்துவிட்டு, வாயில் பஞ்சோடு திரும்பினார். வழியில் அக்கா திட்டிக்கொண்டே வந்தாள். "உன் தொண்டையில சீழ் இறங்கினா அந்த மாட்டுக்காரனுங்களா வந்து உன்னைத் தூக்கப்போறானுங்க?" பஞ்சு இருந்ததால் அவரால் பதில் சொல்ல முடியவில்லை. கைவிரலைத் தூக்கி அவள் சொன்னதற்கு விலை கேட்பதுபோலக் காட்டினார். அவளுக்கே சிரிப்பு வந்துவிட்டது.

அதற்குப் பிறகு வீக்கம் வரும், ஆஸ்பத்திரி அவசரப் பிரிவுக்குப் போவார், மாத்திரை கொடுப்பார்கள், வடியும், மறுபடி வரும். அங்கே பல் டாக்டர் கிடையாது. மாத்திரையும் "பல் டாக்டரைப் பாருங்க" என்ற பேச்சும்தான். அலுத்துப்போய் ஒரு கட்டத்தில் தீவனக் கடையில் மாட்டுக்கு விற்கும் பெனிசிலினை வாங்கித் தொடையில் தானே போட்டுக்கொண்டார். களஞ்சியத்தில் நான் பார்த்துவிட்டேன்.

"என்ன மச்சான் இது, பைத்தியமா உங்களுக்கு?"

"கன்னுக்குட்டிக்கு நல்லாயிடுதுல்ல மாப்ள? எனக்கு மட்டும் ஏன் ஆகாது? என்னைவிட அதுக்கு மதிப்பு ஜாஸ்தி, அதுக்கே கெட்ட மருந்தா குடுப்பான்?"

இலையுதிர் காலத்தில் ஆள் இளைத்தார். ராத்திரி சட்டை நனைய வேர்க்கிறது என்று அக்கா சொன்னாள். படி ஏறி மேடையில் உட்காருவதற்குள் மூச்சு வாங்கியது. மைக்கைப் பிடித்ததும் சரியாகிவிடும். அதனால் யாரும் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை.

குளிருக்கு முன்னால் எல்லோரும் கன்றுகளைக் கொண்டுவந்து தள்ளும் பெரிய சந்தை அன்று. வளையத்தில் கறுப்புக் கன்றுகள் நிற்கின்றன, விலை ஏறிக்கொண்டிருக்கிறது, நான் கத்துகிறேன், மேலேயிருந்து பதில் வரவில்லை. நிமிர்ந்து பார்த்தால் மச்சான் மைக்கின்மேல் சாய்ந்து கிடந்தார். அவர் மூச்சு மட்டும் ஒலிபெருக்கியில் கரகரவென்று வந்துகொண்டிருந்தது. அத்தனை மாட்டுக்காரர்களும் தொப்பியைக் கழற்றிக்கொண்டு அதைக் கேட்டபடி நின்றார்கள்.

பள்ளிக்கூட மைதானத்தில் ஹெலிகாப்டர் இறங்கி அவரை நகரத்து ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனது. பல்லிலிருந்த கிருமி ரத்தத்தில் கலந்து, இதயத்தின் வால்வில் போய் உட்கார்ந்து அதை அரித்துவிட்டது என்றார்கள். நெஞ்சைத் திறந்து வேறு வால்வு வைக்கவேண்டும். அதற்கு முன்னால் வாயில் மிச்சமிருக்கும் பற்களையெல்லாம் எடுத்தாகவேண்டும், இல்லாவிட்டால் புது வால்வும் கெடும்.

ஆஸ்பத்திரியில் நோயாளி குடும்பங்களுக்கு உதவும் அலுவலர் ஒரு சின்னப் பெண். அக்காவிடம் வந்து கையைப் பிடித்துக்கொண்டு, "செலவை நினைச்சுக் கவலைப்படாதீங்கம்மா, எல்லாம் கார்டுல வந்துரும்" என்றாள்.

"ஹெலிகாப்டர்?" என்று அக்கா கேட்டாள்.

"வரும்."

"நெஞ்சைப் பிளக்குறது?"

"வரும்மா."

"பல்லு மொத்தத்தையும் பிடுங்குறது?"

"அதுவும் வரும். ஆபரேஷனோட சேர்ந்ததுதானே."

"அன்னைக்கே அந்தப் பல்லைச் சுத்தம் பண்ணி அடைச்சிருந்தா?"

அந்தப் பெண் பிடித்திருந்த கையை விட்டாள். அக்கா சிரிக்க ஆரம்பித்தாள். நிறுத்த முடியாமல் சிரித்தாள். தாழ்வாரத்தில் போனவர்கள் திரும்பிப் பார்த்தார்கள். நான் அவளைப் பிடித்து நாற்காலியில் உட்காரவைத்தேன்.

மச்சான் பிழைத்தார். வீட்டுக்கு வந்தவரைப் பார்த்தபோது, செத்துப்போன அவர் அப்பாவே நடந்து வருவதுபோல் இருந்தது. வாய் உள்ளே இழுத்துக்கொண்டு, மூக்கும் மோவாயும் ஒன்றையொன்று நெருங்கிவிட்டன. அக்கா பீன்ஸைக் குழைய வேகவைத்து, சோளரொட்டியை மோரில் ஊறப்போட்டுக் கொடுத்தாள். எங்களோடு மேஜையில் உட்கார்ந்து சாப்பிடுவதை அவர் நிறுத்திவிட்டார். தட்டை எடுத்துக்கொண்டு பின்கட்டுக்குப் போய்விடுவார்.

வசந்த காலத்தில் சந்தை முதலாளி ராய்ஸ் ஹார்பல்ட், கூட்டம் குறைவான ஒரு நாளில், ஆடுகளுக்கு மட்டும் அவரை மேடையேற்றினார். மச்சான் கண்ணை மூடிக்கொண்டு ஆரம்பித்தார். இழை இருந்தது. எண்கள்தான் இல்லை. எங்கள் இங்கிலீஷ் பேச்சில் ஐம்பதுக்கான 'ஃபிஃப்டி'யும் அறுபதுக்கான 'சிக்ஸ்டி'யும் பல்லை நம்பி நிற்கும் சொற்கள். இரண்டும் ஒரே காற்றாக வெளியே வந்தன. ஒரு ஜோடி ஆட்டுக்கு இரண்டு பேர் அடித்துக்கொள்ளப் போனார்கள். பின்வரிசையிலிருந்து வெளியூர்க்காரன் ஒருவன், "மேல என்ன, கெட்டில் கொதிக்குதா?" என்று கத்தினான். உள்ளூர்க்காரர்கள் ஒருவரும் சிரிக்கவில்லை. அவர்கள் சிரித்திருந்தாலே தேவலை என்று எனக்குத் தோன்றியது.

ராய்ஸ் அவரைத் தனியே கூப்பிட்டு, "ஓர்வல், உன்னை விட்டுட மாட்டேன். பின் கேட்டுல மாடு இறக்குற எடத்துல நில்லு. முதுகுல எண் ஒட்டுற வேலை" என்றார். மச்சான் வாயைக் கையால் மூடிக்கொண்டு தலையசைத்தார். அப்போது தொடங்கிய பழக்கம் அது. யாரிடம் பேசினாலும் கை வாய்க்குப் போய்விடும்.

அடுத்த குளிர் முடிந்தபோது டாக்டரம்மா போன் செய்தார். பெரியவர்களின் பல்லுக்கும் மெடிக்கெய்டில் வைத்தியம் தரவேண்டும் என்று சட்டசபையில் ஒரு மசோதா வந்திருக்கிறதாம். அதை விசாரிக்கும் குழு முன்னால் யாராவது வந்து சொந்தக் கதையைச் சொன்னால் நல்லது. மச்சான் வரமாட்டார் என்றுதான் நினைத்தேன். "சட்டையை இஸ்திரி போடு" என்று அக்காவிடம் சொன்னார்.

தலைநகரில் பளிங்குத் தரை போட்ட அறை. ஆளுக்குச் சில நிமிஷம்தான். ஒரு காலத்தில் அந்த நேரத்தில் ஒரு லாரி மாட்டை விற்றிருப்பார். இப்போது ஒவ்வொரு சொல்லாக எடுத்து வைத்தார். வாயிலிருந்து கையை எடுத்துவிட்டுப் பேசினார். ஆலை, பல், வால்வு, எல்லாவற்றையும் சொன்னார். குழுவில் இருந்த ஒருவர் கண்ணாடியைத் தூக்கிக்கொண்டு கேட்டார்: "நான் மரியாதைக் குறைவா கேக்கல மிஸ்டர் டீட்டர். ஆனா தினம் ஒழுங்கா பல் தேய்ச்சிருந்தா இதெல்லாம் வந்திருக்காதில்லையா?"

அக்கா எழுந்துவிட்டாள். நான் அவள் கையைப் பிடித்து இழுத்தேன்.

மச்சான் நிதானமாகச் சொன்னார்: "தேய்ச்சேன் ஐயா. சிலருக்குத் தேய்ச்சாலும் போகுது. நான் மாடு விக்கிறவன். பல்லைப் பார்த்துத்தான் அதுக்கு வயசு சொல்லுவோம். பல்லு போன மாட்டை நான் நிறைய வித்திருக்கேன். அது எங்க போகும்னு உங்களுக்குத் தெரியுமா? யாரும் புல்வெளிக்கு ஓட்டிட்டுப் போறதில்ல. நேரா கறிக்குத்தான் போகும். அதுகிட்டயும் யாரும் பல் தேய்ச்சியான்னு கேட்டதில்ல."

அறையில் யாரோ கைதட்டினார்கள். குழுத் தலைவர் மேஜையில் சுத்தியலைத் தட்டி அடுத்தவரைக் கூப்பிட்டார்.

திரும்பும்போது நெடுஞ்சாலையில் எங்களுக்கு முன்னால் மாட்டு லாரி ஒன்று போனது. கம்பிகளுக்கிடையே ஈர மூக்குகள் தெரிந்தன. மச்சான் முணுமுணுவென்று ஏலத்தைத் தொடங்கினார். நான் ஸ்டியரிங்கைத் தட்டி வளையத்தில் கத்துவதுபோல் ஒரு கத்துக் கத்தினேன். கொஞ்ச தூரம் அப்படியே போனோம். பிறகு அவர் ஒரு எண்ணில் தடுக்கி நின்றுவிட்டார். "ரேடியோ போடு மாப்ள" என்றார்.

அந்த வருஷம் மசோதா ஓட்டெடுப்புக்கே வரவில்லை.

புது வால்வில் மறுபடி கிருமி பிடித்தது. இந்தத் தடவை இன்னொரு ஆபரேஷனுக்கு உடம்பு தாங்காது என்று சொல்லிவிட்டார்கள். பிப்ரவரியில், ரோட்டில் பனி உருகாமல் கிடந்த வாரத்தில் இறந்தார். அடக்கத்துக்கு உடலைத் தயார் செய்கிறவர் அக்காவிடம் தயங்கித் தயங்கி, "பல்செட்டு ஏதாவது இருந்தா குடுங்க, முகம் நல்லா அமையும்" என்றார். இல்லை என்றாள். அவர் உள்ளே பஞ்சு வைத்துச் சரிசெய்தார். பெட்டியில் மச்சானின் கன்னம் பழையபடி நிறைந்திருந்தது. சந்தையிலிருந்து வந்தவர்கள், "அப்படியே இருக்காரே" என்றார்கள். அக்காவுக்கு அது பிடிக்கவில்லை. "பஞ்சு" என்றாள்.

சட்டம் அதற்குப் பிறகு வந்தது. வருஷத்துக்கு இவ்வளவுதான் என்று ஒரு வரம்போடு, அடைப்பது, சுத்தம் செய்வது எல்லாம் அட்டையில் சேர்ந்தது. அக்காவுக்குக் கீழே ஒரு பல் சொத்தை. போகமாட்டேன் என்று என்னிடம் அடம்பிடித்தாள்.

"அந்த நாற்காலியில நான் போய் உக்காரணுமா டென்சில்? அவன் உக்காந்த நாற்காலியில?"

"வலிக்குதா இல்லையா?"

"வலிச்சா வலிச்சுட்டுப் போகுது."

டாக்டரம்மாவே வீட்டுக்குப் போன் செய்து அவளிடம் பேசினார். என்ன பேசினார்கள் என்று தெரியாது. ஒரு செவ்வாய்க்கிழமை, "வண்டியை எடு" என்றாள்.

நான் வெளியே டிரக்கில் காத்திருந்தேன். கடையில் வாங்கிய காப்பி ஆறுவதற்குள் அவள் வந்துவிட்டாள். ஏதோ தகராறு செய்துகொண்டு திரும்பிவிட்டாள் என்றுதான் நினைத்தேன். கதவைச் சாத்திக்கொண்டு உட்கார்ந்தாள். வாயின் ஒரு பக்கம் மரத்துத் தொங்கியது.

"ஆச்சா?"

"ஆச்சு."

"அதுக்குள்ளயா?"

"அவ்வளவுதான்டா. ஒரு ஊசி, கொஞ்சம் ராவுனாங்க, அடைச்சாங்க. எந்திரிச்சுப் போங்கன்னுட்டாங்க." அவள் கையைப் பார்த்துக்கொண்டே இன்னொரு தடவை சொன்னாள்: "அவ்வளவுதான்."

நான் வண்டியைக் கிளப்பவில்லை. அவள் அழுது முடிக்கட்டும் என்று, எதிரே மருந்துக்கடை வாசலில் போவோர் வருவோரைப் பார்த்தபடி உட்கார்ந்திருந்தேன்.