யூட் அங்கிள் உயர்த்தாத கால்

யூட் அங்கிள் போய்விட்டார். நேற்றுக் காலை, ஈஸ்ட் ஹாமில், வேலைக்குப் போக பஸ்ஸுக்கு நின்ற இடத்தில்... ஹார்ட் அட்டாக் என்கிறார்கள்.

அழுகை வரும் என்று நினைத்தேன். வந்தது கோபம். இன்னும் போகவில்லை. இந்தப் பதிவில் மரியாதைக் குறைவாக ஏதாவது இருந்தால் மன்னியுங்கள்.

தெரியாதவர்களுக்கு: அவர் எங்கள் ஸ்ட்ரிங் பாண்டின் பாஞ்சோக்காரர். அமெரிக்க மலைக்கிராமங்களின் பழைய நாட்டுப்புற மெட்டுகளை வாசிக்கிற ஐந்து பேர் நாங்கள். சனிக்கிழமைகளில் பக்கத்து ஏரியாவான ஃபாரஸ்ட் கேட்டில் ஒரு சர்ச் ஹோலில் கூடுவோம். நான் ஃபிடில். அம்மாவுக்கு மட்டும் அது இன்னும் வயலின்.

அங்கிளுக்கு டயர் கடையில் வேலை. ஊரில், மன்னாரில், பைலா என்கிற ஆட்டப்பாட்டுகளுக்கு பாஞ்சோ அடித்தவர். இங்கே பழைய சாமான் விற்கிற கார் பூட் சேல் ஒன்றில் பழைய பாஞ்சோ வாங்கப் போய், அதை விற்ற மாட்டினோடு விலைக்குச் சண்டை பிடித்து, கடைசியில் மாட்டினுடைய பாண்டிலேயே சேர்ந்துவிட்டார்.

நான் சேருவதற்கு முன்பு லைப்ரரியில் இந்த இசை பற்றி மூன்று புத்தகங்கள் எடுத்து வாசித்து, குறிப்பும் எழுதி வைத்திருந்தேன். முதல் நாளே அங்கிள் மெட்டின் நடுவே பைலாத் தாளத்தைப் போட்டார்.

"அங்கிள், இது பிழை. புத்தகத்தில இப்பிடி இல்லை."

"புத்தகம் எழுதினவன் மன்னாருக்கு வந்தவனோ? நீர் வாசியும் பிள்ளை."

மாட்டினுக்கு அது பைலா என்றே தெரியவில்லை. "வெரி ஒதென்டிக், ஜூட்!" என்றார், அவர் வாயில் யூட் எப்போதும் ஜூட்தான். அங்கிள் என்னைப் பார்த்துக் கண்ணடித்தார். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

சுருதி சேர்ப்பது இன்னொரு கொடுமை. இரண்டு மெட்டுகளுக்கு இடையில் அவர் பாஞ்சோவைத் திருகிக்கொண்டிருந்த நேரங்களில் நான் கெமிஸ்ட்ரியில் ஒரு பாடமே முடித்திருக்கிறேன். மிகையாகச் சொல்லவில்லை.

ஆனால் பெரிய சண்டை காலைப் பற்றியது.

இந்த இசையில் தனி வாசிப்பு கிடையாது. எல்லோரும் சேர்ந்து ஒரே மெட்டைத் திரும்பத் திரும்ப வாசிப்போம். தொடங்கியவர் ஒரு காலை உயர்த்திக் காட்டினால் அதுதான் கடைசிச் சுற்று. மாட்டின் கண்ணை மூடிக்கொண்டு கிட்டார் வாசிப்பவர், அவரை நான் முழங்கையால் இடித்துச் சொல்வேன். அவ்வளவுதான் விதி. ஒரு கால்.

போன மாதம் எங்கள் ஸ்கூல் விழாவில் வாசித்தோம். டீச்சரிடம் கெஞ்சி மூன்று நிமிடம் வாங்கியிருந்தேன். அது ஒழுங்காக நடந்தால், மதிய இடைவேளையில் ஃபோக் கிளப் நடத்த எனக்கு ஒரு அறை தருவதாகச் சொன்னார். ஒரு வருடமாக நான் கேட்டுக்கொண்டிருந்த அறை.

அங்கிள் கோட் போட்டு, டை கட்டி, காலில் பாத்ரூம் செருப்போடு வந்தார்.

"அங்கிள், ஸ்கூலுக்குச் செருப்போடயோ வாறது?"

"இது ஃபோக் மியூசிக் பிள்ளை. வெறுங்காலோட வரேல்லை எண்டு சந்தோசப்படும்."

அவர்தான் தொடங்கினார். மூன்று நிமிடம் ஆனது. கால் உயரவில்லை. அவரைப் பார்த்தேன். என்னைப் பார்த்துப் புருவத்தை உயர்த்தினார். நன்றாக ரசிக்கிறார் என்று நினைத்தேன்.

ஆறு நிமிடம். மறுபடியும் புருவம். என் கால் சும்மாதான் இருந்தது. ஆனால் தொடங்கியவர்தானே உயர்த்த வேண்டும்... மூன்று புத்தகங்களிலும் அப்படித்தான் இருக்கிறது.

ஒன்பதாவது நிமிடம் ஸ்கூலின் உப அதிபர் தானே கை தட்டிக்கொண்டு மேடைக்கு ஏறி வந்து நிறுத்தினார். அறை கிடைக்கவில்லை.

கார் பார்க்கில் வைத்துக் கத்தினேன். "கால் எங்க அங்கிள்?"

"மறந்துபோனன் மகள்."

"ஒரே ஒரு கால்! அதையுமோ?"

"ரெண்டு இருக்குது. ரெண்டையும் மறந்துபோனன்."

அதற்குப் பிறகு மூன்று சனிக்கிழமைகள் நான் போகவில்லை.

நேற்று மாலை அவர்கள் வீட்டுக்குப் போனோம். அவருடைய மனைவி ரெஜினா அன்ரி என் கையைப் பிடித்துக்கொண்டு சொன்னா:

"ரெண்டு மாசமாக் கால் ரெண்டும் வீங்கிக் கல்லு மாதிரிக் கிடந்தது. சப்பாத்துக்குள்ள போகாது, தூக்கவும் ஏலாது. டொக்டரிட்டப் போங்கோ எண்டால், சனிக்கிழமை முடியட்டும் எண்டுவார். எந்தச் சனிக்கிழமை எண்டு சொல்லமாட்டார்."

"எங்களுக்கு ஏன் அன்ரி சொல்லேல்லை?"

"காலைத் தூக்க ஏலாதெண்டு தெரிஞ்சால் பிறகு மாட்டின்தான் தொடங்குவானாம். அண்டைக்கு உங்கட ஸ்கூலால வந்து ஒரே சிரிப்பு. 'நீ தூக்கு, நீ தூக்கு எண்டு பிள்ளைக்குக் கண் காட்டினன், அது என்னைப் பாத்து முறைக்குது' எண்டு."

நான் முறைத்தது உண்மை.

ஆனால் அங்கிள், உங்களுக்கு வாய் இருந்தது! நீங்கள் வாசித்தது பாஞ்சோ, மவுத் ஓர்கன் இல்லை. ஒரு சொல் சொல்லியிருக்கலாம். மேடையில் எனக்கு. வீட்டில் அன்ரிக்கு, சரி போறன் என்று. அந்த டொக்டருக்கு...

அந்தப் புத்தகங்களை இன்று திருப்பிக் கொடுத்துவிட்டேன்.

வெள்ளிக்கிழமை சர்ச்சில் அவருடைய அடக்கப் பூசை. பூசைக்குள் பாஞ்சோ கூடாது, முடிந்த பிறகு ஹோலில் வாசியுங்கள் என்று ஃபாதர் சொல்லிவிட்டார். மாட்டின் போன் எடுத்து, என்னைத் தொடங்கச் சொன்னார். பைலாத் தாளத்தையும் போட்டுப் பார்க்கப் போகிறேன். பிழையாகத்தான் வரும். நீங்கள் ஒழுங்காகச் சொல்லித் தரவும் இல்லை.

தொடங்குகிறவர்தான் காலை உயர்த்த வேண்டும். அதை நான் பாக்கிறன்.

நீங்கள் செருப்போடயே போயிட்டு வாங்கோ, அங்கிள்.