பெயர்கள் மட்டும் மாறிய நாடகம்

வெள்ளைக்காரப் பிரபுவைக் கேலி செய்தால் வயிறு குலுங்கச் சிரிக்கிறீர்களே, அந்தப் பிரபு உங்கள் வீட்டு சோபாவிலேயே உட்கார்ந்திருந்தால் அப்போதும் சிரிப்பீர்களா?

டெக்சாஸ் இர்விங்கில் வாழும் வான்மதிக்கு விடை தெரியும். வேலை மென்பொருள் சோதனை. ஓய்வு நேரமெல்லாம் பிரிட்டிஷ் தொலைக்காட்சியின் நையாண்டிக் குறுநாடகங்கள். சொந்தச் சமூகத்தின் மேட்டிமையை அதன் முகத்துக்கு நேரே தோலுரிக்கும் துணிச்சல் அவருக்குப் பிடிக்கும்.

போன பொங்கல் விழாவுக்கு அதே பாணியில் ஒன்று எழுதினார். விருந்தாளிக்குப் பிரபு தேநீர் நீட்டுகிறார். "உங்க தாத்தா யாரு? எந்த ஊரு? எந்தத் தெரு?" ஒவ்வொரு பதிலுக்கும் கோப்பை ஓர் அங்குலம் பின்வாங்குகிறது. கடைசியில் பிரபுவே குடித்துவிடுகிறார். தமிழ்ச் சங்க அரங்கம் அதிர்ந்தது.

அந்தக் கேள்விகள் லண்டனில் பிறந்தவை அல்ல. சங்கத் தலைவர் நஞ்சுண்டன் வீட்டுப் புதுமனை விழாவில் அவர் மனைவி ஷ்யாமளா கேட்டவை. வான்மதி மறைக்காமல் பதில் சொன்னார். அதுவரை ஷ்யாமளாவின் காரில் பாட்டு வகுப்புக்குப் போய்வந்த வான்மதியின் மகளுக்கு, மறுவாரமே காரில் இடமில்லை.

இந்த ஆண்டு அதே நாடகத்தையே கொடுத்தார். பிரபு 'அங்கிள்' ஆனார். மாளிகை இர்விங் வீடானது, தேநீர் ஃபில்டர் காபியானது. கேள்விகள் மாறவில்லை.

நஞ்சுண்டன் தொலைபேசியில் கூப்பிட்டார்.

"என்ன மதி, கம்யூனிட்டிய டிவைட் பண்ற மாதிரி இருக்கே?"

"போன வருஷம் நீங்கதானே விசில் அடிச்சீங்க அங்கிள்."

"அது வெள்ளைக்காரன்மா. எவ்ளோ வேணா கலாய். நம்மாளுங்கள எதுக்கு இழுக்கற?"

"உங்க பேரு அதுல இல்லவே இல்லையே அங்கிள்."

நஞ்சுண்டன் பேச்சை மாற்றினார். "ஸ்லாட் ஃபுல்மா. குழந்தைங்க டான்ஸ் நிறைய வந்துடுச்சு."

பிரபுவாக நடித்த குமாரசாமியும் கழன்றுகொண்டார். "ஆபீஸ்ல அவருதாங்க என் மேனேஜர். கிரீன் கார்டு வேற அப்ளை பண்ணியிருக்கேன். என்னைய விட்ருங்க மதி."

கடல் தாண்டினோம், வீடு வாங்கினோம். அந்த மூன்று கேள்விகளையும் பெட்டியில் மடித்து எடுத்து வந்தோம். எந்த விமான நிலையச் சோதனையிலும் அவை பிடிபடவில்லை.

வான்மதி விடவில்லை. தன் அடுக்ககத்தின் பொது அறையை வரும் சனிக்கிழமை மதியம் மூன்று மணிக்கு எடுத்திருக்கிறார். விருந்தாளி வேடத்தில் அவரே நடிக்கிறார். காபி நீட்டும் அங்கிளுக்குத்தான் ஆள் கிடைக்கவில்லை. இர்விங் பக்கம் இருக்கிறீர்களா? நடிக்கத் தெரிய வேண்டியதில்லை. வசனம் உங்களுக்கு ஏற்கெனவே மனப்பாடம். போய் அந்த வேடத்தைக் கேட்டு வாங்குங்கள்.